இத்தாலிய வீட்டில் பாஸ்தா கற்கப் போகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

இத்தாலியின் போலோன்யா நகரில் ஒரு வீட்டுச் சமையலறை. மரப்பலகையின் மேல் மாவு பிசைந்துகொண்டிருந்தேன். கல் மாதிரி இருந்தது. எந்தப் பக்கம் அழுத்தினாலும் வெடிப்பு விட்டது. இரண்டு சொட்டுத் தண்ணீர் தெளிக்கலாம் என்று பக்கத்திலிருந்த டம்ளரை நோக்கிக் கையை நீட்டினேன். எதிரே நின்ற அந்த வீட்டுப் பாட்டி டம்ளரை எடுத்து ஜன்னல் திட்டில் வைத்துவிட்டு, என் கைமேல் தன் கையை வைத்து அழுத்தி, "அங்கோரா" என்றார். இன்னும், என்று அர்த்தம். பத்து நிமிஷம் கழித்து அதே மாவு காதுமடல் பதத்துக்கு வந்திருந்தது.

சப்பாத்திக்குப் பழகிய கை தண்ணீரைத்தான் தேடும். இத்தாலியக் குடும்பம் ஒன்றின் வீட்டுக்குப் போய் பாஸ்தா கற்கிறவர்கள் செய்யும் தவறுகள் பெரும்பாலும் இப்படி வருபவைதான். நமக்குத் தெரிந்த சமையலையும் ஹோட்டலில் சாப்பிட்ட பாஸ்தாவையும் மனசில் வைத்துக்கொண்டே உள்ளே நுழைகிறோம். இந்த வீடு எந்த ஊரில் இருக்கிறது, இந்த ஊர் மாவு எப்படிப்பட்டது என்று கேட்டுக்கொள்வதில்லை.

ஊரைப் பார்க்காமல் வகுப்பைத் தேர்ந்தெடுப்பது

இத்தாலி முழுவதற்கும் பொதுவான பாஸ்தா என்று ஒன்று கிடையாது. போலோன்யா இருக்கும் எமிலியா-ரொமான்யா பகுதியில் கோதுமை மாவும் முட்டையும் சேர்த்துப் பிசைவார்கள். அந்த மாவுக்கு '00' என்று பெயர். நம் மைதா போல நைசாக இருக்கும். தெற்கே பூலியாவில் டூரம் கோதுமையின் ரவை மாவும் தண்ணீரும் மட்டும்தான். அங்கே பாரி நகரின் பழைய பகுதியில், பெண்கள் வீட்டு வாசலிலேயே மேசை போட்டு உட்கார்ந்து, சின்னக் கத்தியால் மாவுத் துண்டை இழுத்து, கட்டைவிரலில் கவிழ்த்து ஓரெக்கியெத்தே செய்வதைத் தெருவில் நின்றே பார்க்கலாம். சின்னக் காது என்பதுதான் அந்தப் பெயருக்குப் பொருள். தஸ்கனியில் பீச்சி, மாவைக் கையாலேயே கயிறு மாதிரி உருட்டுவது. ஜெனோவா பக்கம் போனால் பேசில் இலை அரைத்த பெஸ்தோவும், த்ரோஃபியே என்கிற முறுக்கிய சின்னப் பாஸ்தாவும். முட்டையும் சீஸும் பன்றியிறைச்சியும் சேர்த்துச் செய்யும் கார்போனாரா ரோம் நகரத்துச் சாப்பாடு.

ஆகவே போலோன்யாவில் போய் கார்போனாரா கற்றுத் தாருங்கள் என்று கேட்பது, காரைக்குடி வீட்டில் போய் தலசேரி பிரியாணி கேட்கிற மாதிரி. மரியாதைக்காகச் செய்தும் காட்டுவார்கள். ஆனால் அந்தக் கைகள் ஐம்பது வருஷமாகச் செய்துவரும் பொருளை நீங்கள் பார்க்காமலேயே திரும்பிவிடுவீர்கள். எந்த ஊருக்குப் போகிறீர்களோ அந்த ஊர்ப் பாஸ்தாவைக் கற்றுக்கொள்ளுங்கள்.

பாஸ்தா, பீட்சா, திராமிசு என்கிற இனிப்பு மூன்றும் இரண்டே மணி நேரத்தில் என்று ஒரு வகுப்பு விளம்பரம் செய்தால் நான் போகமாட்டேன். பாஸ்தா மாவு ஊறவே அரை மணி நேரம் வேண்டும். பீட்சா மாவு பொங்க அதைவிட எவ்வளவோ நேரம் ஆகும். அப்படியானால் யாரோ முன்கூட்டியே பிசைந்து வைத்த மாவைத்தான் உங்கள் கையில் கொடுப்பார்கள். பதம் என்பது பிசையும்போது கைக்குத் தெரிகிற விஷயம். அதை விட்டுவிட்டால் மிச்சம் இருப்பது வெட்டுவதும் போட்டோ எடுப்பதும்தான்.

முதல்முறை போகிறவர்களுக்கு போலோன்யாவைத்தான் சொல்வேன். பாஸ்தா விஷயத்தில் அந்த ஊர் காட்டும் அக்கறை அப்படி. 1972 ஏப்ரல் 16 அன்று தால்யாத்தெல்லே என்கிற நாடாப் பாஸ்தாவின் அகலத்தை அங்குள்ள வணிக சபையில் பதிவே செய்துவிட்டார்கள். வெந்த பிறகு 8 மில்லிமீட்டர். ஊர் நடுவே நிற்கும் அசினெல்லி கோபுரத்தின் உயரத்தில் 12,270-இல் ஒரு பங்கு. தங்கத்தில் ஒரு மாதிரியும் செய்து வைத்திருக்கிறார்கள். தொர்த்தெல்லீனி என்கிற மடித்த சின்னப் பாஸ்தாவின் பூரணம் 1974-லும், ராகூ என்கிற இறைச்சிக் குழம்பு 1982-லும் அதே சபையில் பதிவாயின. 'ஸ்பகெட்டி போலோனேஸ்' என்று உலகமெல்லாம் விற்கிற பண்டம் அந்த ஊர்ச் சமையலில் இல்லை. அங்கே ராகூவுக்கு ஜோடி தால்யாத்தெல்லேதான்.

வீட்டில் சமைப்பவர்களிடம் விருந்தினர்களை அனுப்பும் அமைப்புகள் இருக்கின்றன. 2004-இல் போலோன்யாவில் தொடங்கிய செசரீனே இப்போது இத்தாலி முழுக்கப் பரவியிருக்கிறது. எந்த வழியில் பதிவு செய்தாலும் இரண்டு கேள்வி கேளுங்கள்: மேசையில் எத்தனை பேர், ஆளுக்கொரு பலகை உண்டா? பத்துப் பன்னிரண்டு பேர் சுற்றி நின்று ஒருவர் செய்வதைப் பார்ப்பதற்கு ஒரு வீட்டுக்குப் போகத் தேவையில்லை. ஆகஸ்ட் நடுப்பகுதியைத் தவிருங்கள். ஆகஸ்ட் 15 அங்கே பெரிய விடுமுறை. பல குடும்பங்கள் கடலுக்கோ மலைக்கோ போய்விடும்.

'வெஜிடேரியன்' என்று ஒரு வார்த்தையோடு நிறுத்துவது

நம்மவர்களுக்கு இது முக்கியம். அந்தச் சொல்லைக் கேட்டால் அவர்கள் மீனையும் இறைச்சியையும் விலக்கிவிடுவார்கள். முட்டையும் சீஸும் அவர்களுக்குச் சைவம்தான். ஆனால் பார்மிஜானோ ரெஜ்ஜானோ சீஸுக்குப் பால் உறைய வைப்பது கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் ரென்னெட்டால். அந்தப் பெயரில் விற்கவேண்டுமென்றால் விதிப்படி அப்படித்தான் செய்தாகவேண்டும். அது உங்களுக்கு ஆகாதென்றால் அதையும் தனியாகச் சொல்லிவிடுங்கள்.

தொர்த்தெல்லீனிக்குள் பன்றியிறைச்சி, ப்ரொஷூட்டோ என்கிற உப்பிட்ட பன்றித் தொடை, மோர்ததெல்லா என்கிற பன்றி சாசேஜ் மூன்றும் இருக்கும். அதை வேகவைத்துப் பரிமாறுவதும் இறைச்சி வேகவைத்த சாற்றில்தான். ராகூவில் மாட்டிறைச்சியோடு உப்பிட்ட பன்றி வயிற்றுப்பகுதியும் சேரும். இந்த இரண்டில் ஒன்றை மட்டும் தவிர்ப்பவர்கள்கூடக் கேட்டுக்கொள்வது நல்லது. சாற்றையும் பூரணத்தையும் முந்தின நாளே தயார் செய்கிற வீடுகள் உண்டு. வாசலில் வந்து நின்று சொன்னால் பாவம், அவர்களால் எதையும் மாற்ற முடியாது. பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள்.

முட்டை சாப்பிடும் சைவர்களுக்கு தொர்த்தெல்லோனி இருக்கிறது. பெயர் ஒன்று போலக் கேட்டாலும் இது பெரியது. ரிக்கோட்டா என்கிற மென்மையான பாலாடைக்கட்டியைப் பூரணமாக வைத்து, உருக்கிய வெண்ணெயும் சேஜ் இலையும் சேர்த்துத் தருவார்கள். அதிலும் பார்மிஜானோ இருக்கும். முட்டையே ஆகாதவர்கள் போலோன்யாவில் பிடிவாதம் பிடிக்காமல் பூலியாவுக்குப் போகலாம். அங்கே மாவில் முட்டை கிடையாது, தக்காளியும் காய்கறியும் தாராளம். அந்த வீட்டுக்காரர்களும் நமக்காக எதையும் விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.

வாசலுக்கு வந்து சேர்வதில்

அங்கே அடுக்குமாடி வாசலில் வீட்டு எண் தேடிப் பயனில்லை. அழைப்பு மணிப் பலகையில் குடும்பப் பெயர்தான் இருக்கும். 'நோன்னா', அதாவது பாட்டி, என்று மட்டும் தெரிந்துகொண்டு போனால் தெருவிலேயே நிற்கவேண்டியதுதான். குடும்பப் பெயரை முதல் நாளே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். வாடகைக் கார் எடுத்திருந்தால் ஊருக்கு வெளியே நிறுத்திவிட்டுப் பேருந்தில் போங்கள். போலோன்யா, ஃப்ளாரன்ஸ் போன்ற நகரங்களின் பழைய பகுதிக்குள் அனுமதியில்லாத வண்டி நுழைந்தால் கேமரா படம் பிடித்துவிடும்; அபராதச் சீட்டு நீங்கள் ஊர் திரும்பிய பிறகு வந்து சேரும்.

வகுப்பு மூன்று மணி நேரம் என்றால் அதற்குப் பிறகு இரண்டு மணி நேரத்துக்கு வேறு எந்த வேலையும் வைத்துக்கொள்ளாதீர்கள். செய்ததை எல்லோரும் உட்கார்ந்து சாப்பிடுவதுதான் அதன் பாதி. வெறுங்கையோடு போகவேண்டாம், கடையில் வாங்கிய சின்னப் பலகாரப் பொட்டலம் போதும். பூ வாங்கினால் செவ்வந்தி மட்டும் வேண்டாம். இத்தாலியில் அது கல்லறைக்குக் கொண்டுபோகும் பூ.

பலகையின் முன்னால்

முதலில் மோதிரம், வளையல், கடிகாரம் எல்லாவற்றையும் கழற்றி பைக்குள் வையுங்கள். அப்புறம் போனையும். மாவுக் கையோடு போனை எடுப்பவர் பிசைவதைப் பாதியில் நிறுத்துகிறார், மாவு காய்கிறது. படம் வேண்டுமென்றால் கூட வந்தவரை எடுக்கச் சொல்லுங்கள். வீட்டுக்காரர்களைப் படம் எடுக்குமுன் அவர்களைக் கேளுங்கள்.

கணக்கு எளிது: 100 கிராம் மாவுக்கு ஒரு முட்டை, ஆளுக்கு ஒன்று. மாவைக் கிணறு மாதிரி குழித்து, நடுவே முட்டையை உடைத்து ஊற்றி, முள்கரண்டியால் ஓரத்து மாவைக் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே இழுப்பார்கள். அங்கே மஞ்சள் கருவைச் 'சிவப்பு' என்றே சொல்கிறார்கள். அந்த முட்டைகளின் கரு உண்மையிலேயே நல்ல ஆரஞ்சு நிறம். பாஸ்தாவுக்கு அந்தப் பொன்னிறம் வருவது அதனால்தான். போலோன்யா முறையில் மாவுக்குள் உப்பும் இல்லை, எண்ணெயும் இல்லை. ஒரு சொட்டு எண்ணெய் விட்டால் மிருதுவாக வருமே என்று தோன்றும். விடாதீர்கள். மிருதுத் தன்மையை உள்ளங்கைதான் கொடுக்கவேண்டும்.

சரியான அளவு சொல்லுங்கள் என்று நச்சரிப்பதும் ஒரு தவறு. இத்தாலியச் சமையல் குறிப்புகளில் 'க்வான்தோ பாஸ்தா' (quanto basta) என்று அடிக்கடி வரும். இது சாப்பிடும் பாஸ்தா இல்லை; போதுமான அளவு என்று அர்த்தம். நம் குறிப்புகளில் வரும் 'தேவையான அளவு' அதேதான். முட்டை பெரிதா சிறிதா, அன்றைக்குக் காற்று ஈரமா வறட்சியா என்பதைப் பொறுத்து மாவு மாறும். நான் போன வீட்டில் அந்தப் பாட்டி ஒரு கைப்பிடி மாவைப் பலகை ஓரத்தில் ஒதுக்கி வைத்துவிட்டுத்தான் ஆரம்பித்தார். தேவைப்பட்டால் சேர்க்க. அந்தக் கைப்பிடியைக் கவனித்தால் போதும், தராசு தானாக மறந்துவிடும்.

பிசைந்த மாவை மூடி அரை மணி நேரம் ஊறவிடுவார்கள். அந்த நேரத்தில் அவசரப்படுத்தாதீர்கள். ஊறாத மாவு தேய்க்கத் தேய்க்கச் சுருங்கிக்கொண்டே வரும்.

அடுத்துத் தேய்ப்பது. நமக்குப் பழக்கமான சப்பாத்திக் கட்டையைப் போல இரண்டு மூன்று மடங்கு நீளம் இருக்கும் மத்தரெல்லோ என்கிற உருட்டுக்கட்டை. நாம் கட்டையை அழுத்தித் தேய்ப்போம். அங்கே அழுத்தம் குறைவு, இழுப்பு அதிகம். மாவுத் தகட்டின் ஒரு ஓரத்தைப் பலகை விளிம்புக்கு வெளியே தொங்கவிட்டு, மறு ஓரத்தைக் கட்டையில் சுற்றி, உள்ளங்கைகளை நடுவிலிருந்து இரு பக்கமும் நகர்த்திக்கொண்டே முன்னால் தள்ளுவார்கள். கால்வட்டம் திருப்புவது, மறுபடி சுற்றுவது, தள்ளுவது. ஸ்ஃபோல்யா என்று அந்தத் தகட்டுக்குப் பெயர். அதைத் தேய்க்கும் பெண் ஸ்ஃபோலீனா. ஊரின் மேல் குன்றில் இருக்கும் சான் லூக்கா கோயில் தகட்டின் வழியே தெரியவேண்டும் என்று போலோன்யாவில் ஒரு பேச்சு உண்டு. அந்த வீட்டுப் பாட்டி தகட்டைத் தூக்கி ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். கம்பியின் நிழல் அதன் வழியே தெரிந்தது. அன்றைக்கு நான் தேய்த்ததில் ஒரு மூலை மட்டும்தான் அந்தப் பதத்துக்கு வந்தது. அந்த மூலையைத் தொட்டுக் காட்டி, மற்ற இடமெல்லாம் இப்படி, என்று சைகை செய்தார்.

மெஷின் இருக்கிறதே, அதில் விடலாமா என்று கேட்காதீர்கள். மெஷினில் எப்போது வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம். மரப்பலகையிலும் மரக்கட்டையிலும் தேய்த்த தகட்டில் கண்ணுக்குத் தெரியாத சொரசொரப்பு இருக்கும். குழம்பு அதைப் பிடித்துக்கொள்ளும். ஒட்டிவிடுமோ என்று பயந்து மாவைத் தூவிக்கொண்டே இருப்பதும் கூடாது, தகடு வறண்டு கிழியும்.

தேய்த்த பிறகு என்ன செய்யப்போகிறீர்கள் என்பதைப் பொறுத்து வேலை மாறும். தால்யாத்தெல்லேவுக்குத் தகடு கொஞ்சம் காயவேண்டும். ஈரத்தோடு சுருட்டி வெட்டினால் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். தொர்த்தெல்லீனிக்கு நேர்மாறு. உடனே சதுரமாக வெட்டி, பூரணம் வைத்து, முக்கோணமாக மடித்து, விரலைச் சுற்றி இரு முனையையும் ஒட்டவேண்டும். சோமாசி மடித்த கைகளுக்கு இது சீக்கிரம் வந்துவிடும். பூரணத்தை மட்டும் ஆசைப்பட்டு நிறைய வைக்காதீர்கள். கடலை அளவுக்குக் கொஞ்சம் கூட இருந்தால் போதும்.

சாப்பிட உட்கார்ந்ததும்

புதுப் பாஸ்தா இரண்டு மூன்று நிமிஷத்தில் வெந்துவிடும். லிட்டருக்கு சுமார் 10 கிராம் உப்பு, எண்ணெய் வேண்டாம். வெந்ததை உடனே தட்டில் போடுவார்கள், அதனால் கூப்பிட்டதும் உட்காருங்கள். தால்யாத்தெல்லேயைக் கத்தியால் வெட்டாமல் முள்கரண்டியில் சுற்றிச் சாப்பிடுங்கள். மீன், இறால் சேர்ந்த பாஸ்தாவுக்குச் சீஸ் கேட்காதீர்கள். தட்டில் மிஞ்சிய குழம்பை ரொட்டித் துண்டால் வழித்துச் சாப்பிடலாம். வீட்டில் அது சமைத்தவருக்குச் செய்யும் மரியாதை.

ஊருக்கு வந்த பிறகு

ஆசையில் பெரிய மத்தரெல்லோ ஒன்றை வாங்கிவிட்டு விமான நிலையத்தில் தவிப்பவர்கள் உண்டு. கைப்பையில் அது கொள்ளாது, பாதுகாப்புச் சோதனையிலும் விடமாட்டார்கள். நம்மூர் மரக்கடையில் ஒன்றரை அங்குல விட்டத்தில், மூன்றடி நீளத்துக்கு நேரான கட்டை கடைந்து வாங்கினால் அதே வேலை செய்யும்.

'00' மாவுக்குப் பதில் மைதா எடுத்துக்கொள்ளலாம். நம் கடைகளில் கிடைக்கும் முட்டை கொஞ்சம் சிறியது. முட்டைக்கு 85 கிராம் மைதாவில் தொடங்குங்கள், ஒரு கைப்பிடி ஓரத்தில் இருக்கட்டும். சென்னை மாதிரி ஈரக்காற்று ஊரில் முட்டைப் பாஸ்தாவைத் துணியில் பரப்பி நாள் கணக்கில் காயவைக்கவேண்டாம், பூஞ்சை வந்துவிடும். மாவு தூவிச் சின்னச் சின்னக் கூடுகளாகச் சுருட்டி, ஃப்ரீஸரில் வையுங்கள். உறைந்தபடியே கொதிக்கும் தண்ணீரில் போடலாம். ஒரு நிமிஷம் கூடுதலாக வேகும்.