சமூக ஆவணப்படம்: தொடக்கத்திலேயே தவிர்க்க வேண்டிய தவறுகள்

எந்தக் கேமரா வாங்கலாம் என்று மாதக்கணக்கில் யோசிப்பவர்கள்கூட, படத்தில் பேசுபவர்கள் கையெழுத்திட வேண்டிய ஒப்புதல் படிவத்தைப் படப்பிடிப்பு அன்று காலையில்தான் பிரிண்ட் எடுக்கிறார்கள். சுயாதீன ஆவணப்பட வேலையில் இதைவிட ஆபத்தான தவறு இல்லை. ஒரு துப்புரவுப் பணியாளர் ஒப்பந்தக்காரரைப் பற்றி மனம்விட்டுப் பேசுகிறார். அந்தத் துண்டு யூடியூப் வழியாக ஒப்பந்தக்காரரின் போனுக்குப் போனால், அந்தப் பணியாளரின் வேலையே போய்விடும். எங்கெல்லாம் படம் ஓடும், யார் பார்க்கலாம், எந்தக் கட்டம் வரை அவர் பின்வாங்கலாம் என்பதை அவர் பேசும் மொழியில் சொல்லி, சம்மதிப்பதைக் கேமராவிலும் பதியுங்கள். ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்' உருவாக 14 ஆண்டுகள் ஆயின. படம் அப்படி நீளும்போது, முதல் வருடம் வாங்கிய சம்மதத்தைக் கடைசி வருடம் மறுபடி கேட்டாக வேண்டும்.

முகத்தை மங்கலாக்கினால் போதும் என்று நினைக்காதீர்கள். பின்னால் நிற்கும் பைக்கின் நம்பர், கதவில் எழுதிய வீட்டு எண், பிள்ளையின் சீருடை, குரல்: தெருக்காரர்கள் கண்டுபிடிக்க இவற்றில் ஒன்று போதும். மங்கலாக்காத மூலப் பதிவும் உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் கிடக்கிறது. அது பறிமுதலானால் எல்லாமே வெளியில். எடுக்கும்போதே ஜன்னல் வெளிச்சத்துக்கு முதுகு காட்டி உட்கார வைத்து, நிழலுருவாகவே பதியுங்கள். போக்சோ (குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டம்) வழக்கென்றால், சிறப்பு நீதிமன்றம் அனுமதிக்காமல் குழந்தையின் பெயர், படம், பள்ளி, குடும்பம் எதையும் வெளியிடக் கூடாது (பிரிவு 23). பெற்றோரின் கையெழுத்து அந்த அனுமதிக்கு ஈடாகாது.

எடிட்டை முடிக்கும் முன் படத்தில் இருப்பவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். ஆஸ்கர் பரிந்துரை பெற்ற 'ரைட்டிங் வித் ஃபயர்' ஆவணப்படம் தங்களைக் காட்டிய விதம் சரியல்ல என்று, அதில் இடம்பெற்ற கபர் லஹரியா செய்தி நிறுவனமே 2022-இல் அறிக்கை விட்டது. எடிட் மேசையில் பேசித் தீர்க்க வேண்டியதை மேடை ஏறிய பிறகு தீர்க்க முடியாது.

ஒலியில் சறுக்குபவர்கள் அதிகம். டீக்கடையில் பேட்டி எடுக்கிறீர்கள், பின்னால் சினிமாப் பாட்டு ஓடுகிறது. பேச்சை வெட்டினால் பாட்டும் துள்ளும். அதன் உரிமைக்குத் தனியாகப் பணமும் கேட்பார்கள். அணைக்கச் சொல்லிக் கேளுங்கள். பேட்டி முடிந்ததும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் அந்த இடத்தின் சத்தத்தைப் பதியுங்கள், வெட்டுகளை ஒட்ட அது வேண்டும். ஒளியிலும் ஒன்றைக் கவனியுங்கள்: டியூப்லைட் மினுக்காமல் இருக்கக் கேமராவின் ஷட்டர் வேகத்தை 1/50 நொடியில் வையுங்கள்.

நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் பதிந்தால் மணிக்கு 45 ஜிபி, 100 மணி நேரத்துக்கு 4.5 டெராபைட் இடம் வேண்டும். இரண்டு பிரதிகள் வேண்டும், இரண்டையும் ஒரே பையில் வைக்கக் கூடாது.

அரங்கம் பிடித்து நோட்டீஸ் அடித்த பிறகு தணிக்கையை நினைப்பது கடைசித் தவறு. பொதுத் திரையிடலுக்குத் தணிக்கை வாரியச் சான்றிதழ் வேண்டும். திரைப்பட விழாக்களுக்கு அந்தச் சான்றிதழிலிருந்து மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் விலக்கு வேண்டும். தணிக்கை மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021-இல் கலைக்கப்பட்டதால், வெட்டுகள் பற்றிய வாரியத்தின் இறுதி முடிவை எதிர்க்க உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். வக்கீல் செலவை முதல் பட்ஜெட்டிலேயே எழுதிவிடுங்கள்.