மல்லிகை விலைச் செயலியைக் கன்டெய்னரில் இயக்குவது எப்படி?

மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டின் மல்லிகை விலையை அன்றாடம் பதிந்து காட்டும் சிறிய இணையச் செயலி ஒன்றைப் பைத்தானில் எழுதியிருப்பதாக வைத்துக்கொள்வோம். எழுதியவரின் லேப்டாப்பில் பைத்தான் 3.12 இருக்கும்; சர்வரில் 3.8 இருக்கும், ஒரு லைப்ரரியின் பதிப்பு மாறியிருந்தாலே செயலி நின்றுவிடக்கூடும். நிரலையும் அது இயங்கத் தேவையான அனைத்தையும் ஒரே இமேஜாகக் கட்டி, எங்கு கொண்டுபோனாலும் அதிலிருந்தே இயக்குவதுதான் கன்டெய்னர் முறை.

2013-இல் வெளிவந்த டாக்கர் என்ற மென்பொருள் இம்முறையைப் பரவலாக்கியது என்றாலும், அதன் அடிப்படை லினக்ஸ் இயங்குதளத்தின் மையப் பகுதியான கெர்னலில் முன்பே இருந்தது. ஒரு புராசஸ் (இயங்கிக்கொண்டிருக்கும் நிரல்) எவற்றைக் காணலாம் என்பதை நேம்ஸ்பேஸும், எவ்வளவு மெமரியும் சிபியுவும் எடுத்துக்கொள்ளலாம் என்பதை சிகுரூப்பும் வரையறுக்கின்றன. ஆகவே கன்டெய்னர் என்பது தனக்கெனக் கெர்னல் கொண்ட விர்ச்சுவல் மெஷின் அன்று. ஹோஸ்டின் (அது ஓடும் கணினியின்) கெர்னலையே பயன்படுத்திக்கொண்டு, பிறவற்றிலிருந்து பிரித்து வைக்கப்பட்ட புராசஸ்தான்.

முதல் வேலை, இமேஜைக் கட்டும் கட்டளைகளை வரிவரியாகக் கொண்ட டாக்கர்ஃபைல் எழுதுவது. அதன் ஃப்ரம் வரியில் அடிப்படை இமேஜைப் பதிப்போடு, அதாவது பைத்தான் 3.12-ஸ்லிம் என்று குறிப்பிடுங்கள். ‘லேட்டஸ்ட்’ என்று விட்டால், இன்று கிடைக்கும் இமேஜும் ஆறு மாதம் கழித்துக் கிடைப்பதும் ஒன்றாக இருக்கும் என்பதற்கு உறுதியில்லை. அளவு சிறியது என்பதற்காகப் பலரும் ஆல்பைன் என்ற சிறிய லினக்ஸில் அமைந்த இமேஜை நாடுகிறார்கள். அதில் வழக்கமான சி லைப்ரரியான கிளிப்சிக்குப் பதிலாக மசல் இருப்பதால் சில பைத்தான் லைப்ரரிகளை அங்கேயே கம்பைல் செய்ய நேரிடும். தொடக்கத்துக்கு ஸ்லிம் போதும் என்பதே என் கருத்து.

அடுத்து வரும் வரிகளின் வரிசையில் மிகுந்த கவனம் வேண்டும். ரன், காப்பி ஆகிய ஒவ்வொரு வரியும் இமேஜில் ஒரு லேயரை, அதாவது அடுக்கை, உண்டாக்குகிறது. ஒரு வரியோ அது காப்பி செய்யும் கோப்போ மாறினால், அந்த லேயரும் அதற்குப் பின்வரும் எல்லா லேயர்களும் மறுபடி கட்டப்படும். எனவே லைப்ரரிகளின் பட்டியல் கோப்பை மட்டும் முதலில் காப்பி செய்து, பைத்தானின் நிறுவல் கருவியான பிப் மூலம் அவற்றை நிறுவிவிட்டு, நிரல் முழுவதையும் அதற்குப் பிறகு காப்பி செய்ய வேண்டும். அப்போது நிரலில் ஒரு வரி மாறினாலும் லைப்ரரிகள் மீண்டும் டவுன்லோடு ஆகாது. லேயர்களின் இதே இயல்பால் ஓர் ஆபத்தும் உண்டு: ஒரு லேயரில் சேர்ந்துவிட்ட பாஸ்வேர்டுக் கோப்பைப் பின்வரும் லேயரில் அழித்தாலும் அது இமேஜை விட்டு நீங்குவதில்லை. அத்தகைய கோப்புகளை டாக்கர்இக்னோர் என்ற விலக்குப் பட்டியல் கோப்பில் எழுதி, தொடக்கத்திலேயே விலக்கிவிடுங்கள். இறுதியில் யூசர் வரி சேர்த்து, செயலியை ரூட் (முழு அதிகாரம் உள்ள பயனர்) அல்லாத பயனராக இயக்குங்கள்.

டாக்கர் பில்ட் கட்டளையால் இமேஜைக் கட்டி, அதை இயக்கும் டாக்கர் ரன் கட்டளையில் 8000-ஆம் போர்ட்டைத் திறந்த பிறகும் பிரௌசரில் பக்கம் வரவில்லையெனில், செயலி 127.0.0.1 முகவரியில் காத்திருக்கிறதா என்று பாருங்கள். அம்முகவரி கன்டெய்னருக்கு உள்ளே மட்டும் செல்லுபடியாகும், 0.0.0.0 என்று மாற்ற வேண்டும்.

விலைப் பதிவுகளைக் கன்டெய்னருக்குள் வைக்கவே கூடாது. கன்டெய்னரை நீக்கினால் அதில் எழுதப்பட்டவையும் போய்விடும் என்பதால், தரவுத்தளக் கோப்புக்கு ஒரு வால்யூம் (கன்டெய்னருக்கு வெளியே உள்ள சேமிப்பிடம்) இணைத்துவிடுங்கள். நேரத்தையும் கவனியுங்கள்: இந்த இமேஜின் கடிகாரம் இயல்பாக உலகப் பொது நேரமான யுடிசியில் ஓடும். விடியற்காலை 4 மணிக்குப் பதிந்த விலை, அதன் கணக்கில் முந்தைய நாள் இரவு 10.30-க்கு உரியதாகிவிடும், நாள்தோறும் மாறும் பூ விலையில் இது பெரும் பிழை. நேரத்தை யுடிசியில் சேமித்து, காட்டும்போது மட்டும் இந்திய நேரத்துக்கு மாற்றுவது சிறந்த வழி. அது இயலாவிட்டால் நேர மண்டலத்தைக் குறிக்கும் டிஇசட் சூழல் மாறியில் ஏசியா/கொல்கத்தா என்று கொடுக்கலாம்.

முகூர்த்த நாள்களில் விலை பார்ப்போர் பெருகினால் செயலி சர்வரின் மெமரி முழுவதையும் விழுங்கிவிடாதபடி, ரன் கட்டளையிலேயே 512 எம்பி போன்ற ஒரு வரம்பை விதியுங்கள். கன்டெய்னர் 137 என்ற எண்ணோடு நின்றிருந்தால், பெரும்பாலும் அந்த வரம்பு போதாமல் கெர்னல் அதை நிறுத்தியிருக்கும்; கன்டெய்னரின் நிலையைக் காட்டும் டாக்கர் இன்ஸ்பெக்டில் ஓஓஎம்கில்ட் (மெமரி போதாமல் நிறுத்தப்பட்டது) உண்மை என்று இருந்தால் அது உறுதி. வரம்பை உயர்த்தும் முன், நிரல் எங்கே மெமரியைத் தேக்குகிறது என்று பாருங்கள்.