கல்யாண கேசட்ல கிடக்குற மலையகம்: பழைய வீடியோவ காப்பாத்தி படத்துல பாவிக்கிறது எப்பிடி

இலங்கை மலையக தேயிலை தோட்டத்த பத்தி படம் எடுக்கிறவங்க பழைய ஃபுட்டேஜ் தேடுனா வெள்ளக்காரங்க எடுத்த கொழுந்து பறிக்கிற காட்சிதான் அதிகமா வரும், நம்ம ஆளுங்க நம்மள எடுத்தது லயத்து (தோட்டத்து வரிசை வீட்டு) அலுமாரியில கிடக்குற கல்யாணம், சடங்கு, காமன் கூத்து விஎச்எஸ் கேசட்லதான் இருக்கு.

கேசட்ட வாங்குன உடனே டெக்குல (கேசட் ஓட்டுற மெஷின்ல) போட்டுறாதீங்க. கேசட்டுல உள்ள சின்ன ஜன்னல் வழியா டோர்ச் அடிச்சு பாருங்க, நாடா சுத்துல வெள்ளை வெள்ளையா தெரிஞ்சா அது பூஞ்சணம், நம்ம மழைக்கும் பனிக்கும் இது சாதாரணம். அத ஓட்டுனா டெக்குல நாடாவ வாசிக்கிற ஹெட்ல ஒட்டி அடுத்து போடுற நல்ல கேசட்டுக்கும் பரவிரும். அடுப்புக்கு மேல பரண்ல வச்சு காயப்போடாதீங்க, சூடும் புகையும் நாடாவுக்கு ஆகாது. சிலிக்கா ஜெல் பாக்கெட்டோட இறுக்கி மூடுற டப்பாவுல வச்சு ஈரம் போனதும், மாஸ்க் போட்டு வெளிய வச்சு துடைக்கணும், கை பழகாதவங்க தெரிஞ்ச ஆள்கிட்ட குடுக்குறதுதான் நல்லம். கேசட் முதுகுல உள்ள சின்ன பிளாஸ்டிக் துண்ட ஒடிச்சு விட்டா மேல ரெக்கோர்ட் ஆகாது.

பிறகு முழுசா ஒருக்கா ஃபோர்வர்ட், ஒருக்கா ரிவைண்ட், அப்புறம் கெப்ச்சர், அதாவது கம்ப்யூட்டர்ல ஏத்துறது. நம்ம கேசட் அநேகமா PAL வீடியோ முறை, அதனால 720 x 576, செக்கனுக்கு 25 ஃப்ரேம். எம்பி4ல நேரா எடுக்காம எஃப்எஃப்வி1 (FFV1) மாதிரி லொஸ்லெஸ்ல, அதாவது தரம் குறையாத முறையில எடுங்க, மணித்தியாலத்துக்கு 30 ஜிபி அளவுல போகும், பரவாயில்ல, இன்னொரு ஹார்ட் டிஸ்க்லயும் கொப்பி வச்சு அத வேற வீட்டுல வைங்க.

முக்கியமா ஒண்ணு, தாலி கட்டுறத மட்டும் எடுத்துட்டு மத்தத வெட்டாதீங்க. கேமராக்காரர் சும்மா திருப்புன இடத்துலதான் பழைய லயத்து தகரம், பீலிக்கரை (தண்ணி பிடிக்கிற, குளிக்கிற இடம்), பிரட்டுக்களம் (காலையில வேலைக்கு ஆள் கூடுற இடம்) எல்லாம் இருக்கும். தலவாக்கலை பக்கத்து கேசட்டுன்னா பொண்ணு மாப்பிள்ளைக்கு பின்னால சென் கிளேயர் அருவி இருக்கான்னு பாருங்க, 2012ல மேல் கொத்மலை மின் நிலையம் வந்த பிறகு தண்ணி சுரங்கத்துல போகுது, அந்த அருவி பழையபடி எப்பவும் தானா நிறைஞ்சு கொட்டுறது இல்ல.

ஓட்டும்போது அந்த வீட்டு அம்மாயிய பக்கத்துல உக்கார வச்சு அவங்க குரல ஃபோன்ல ரெக்கோர்ட் பண்ணுங்க, யாரு, தோட்டத்துல எந்த டிவிசன் (பிரிவு), எந்த வருசம்னு நிமிசத்தோட எழுதி வைங்க. திரையில வர்ற திகதிய அப்பிடியே நம்பாதீங்க, கேமராவுல கடிகாரம் சரியா வைக்காம விட்டதும் உண்டு.

எடிட்ல 4:3ஐ இழுத்து அகலமாக்காதீங்க, மூஞ்சி உப்பிரும். டீஇன்டர்லேஸ் (பழைய வீடியோவுல அசையும்போது வர்ற கோடுகள எடுக்குறது) பண்ணுங்க, ஆனா ஏஐ போட்டு முகத்த தெளிவாக்க வேணாம், அது இல்லாத கண்ணையும் மூக்கையும் வரைஞ்சு வச்சிரும், செத்துப்போன ஒரு தாத்தாவோட முகத்த மாத்துறதுக்கு நமக்கு உரிமை இல்ல.

அனுமதி வீட்டுக்காரங்ககிட்ட மட்டும் இல்ல, எடுத்த ஸ்டூடியோகிட்டயும் எழுத்துல வாங்குங்க, 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்க புலமைச் சொத்து சட்டம் வீடியோவுக்கும் பொருந்தும். ரஃப் கட்ட (முதல்ல வெட்டி ஒட்டுன படத்த) அந்த வீட்டுல போட்டு காட்டி, வேணாம்னு சொல்ற ஷொட்ட தூக்கிருங்க.