லண்டனில் முதல் நாளே நடந்து பாருங்கள்

லண்டன் போனால், வழிகாட்டியோடு நடந்து ஊர் பார்ப்பதை முதல் நாள் காலையிலேயே வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நாளுக்குத் தள்ளாதீர்கள். டிரஃபால்கர் சதுக்கம், பிக் பென், வெஸ்ட்மின்ஸ்டர் அபே, பக்கிங்ஹாம் அரண்மனை எல்லாமே நடக்கும் தூரம்தான் என்பது அன்றைக்கே பிடிபட்டுவிடும். அப்புறம் பக்கத்து இடத்துக்கெல்லாம் பாதாள ரயிலுக்குக் காசு போகாது. லெஸ்டர் ஸ்கொயர் நிலையத்துக்கும் கோவென்ட் கார்டனுக்கும் நடுவே 300 மீட்டர்கூட இல்லை; கோவென்ட் கார்டன் நிலையத்தில் லிஃப்டை விட்டால் 193 படி ஏற வேண்டும், நடந்தே போய்விடலாம்.

ஆனால் இந்த நடைகள் பெரும்பாலும் வாசலோடு நின்றுவிடும். கையில் ஒரே நாள்தான், லண்டன் டவர் என்ற பழைய கோட்டைக்குள் போயே ஆக வேண்டும் என்றால் இது சரிவராது. நேரே டிக்கெட் எடுத்து உள்ளே போங்கள். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு மாடி பஸ்தான் நல்லது.