நீங்கள் பாடும் ஆலாபனை (தாளமில்லாமல் ராகத்தை விரித்துப் பாடுவது) வெறும் ஸ்வர வரிசைப் பயிற்சி மாதிரி கேட்கிறதா?

மோகன ராகத்தில் (ச ரி க ப த) பழகிப் பாருங்கள். சுருதிப் பெட்டியைப் போட்டு, முதல் பத்து நிமிடம் காந்தாரத்தை (‘க’) தாண்டவே வேண்டாம். ‘சரி க’, ‘கரிசரி க’, கீழ் தைவதத்திலிருந்து ‘தசரி க’ என எங்கே சுற்றினாலும் காந்தாரத்தில் வந்து நின்று, நான்கு எண்ணிக்கை கார்வை (ஸ்வரத்தை நீட்டி நிற்பது) கொடுங்கள். பிறகு பஞ்சமம், தைவதம், மேல் ஷட்ஜம் என்று நிற்கும் இடத்தை மாற்றலாம்.

எல்லா ஸ்வரத்துக்கும் ஒரே நீளம் கொடுத்து ஏறி இறங்குவதால்தான் ராகம் தட்டையாகிறது. பிடிகள் (ராகத்தை அடையாளம் காட்டும் சிறு ஸ்வரத் தொடர்கள்) தோன்றவில்லையா? தெரிந்த மோகன வர்ணத்தில் ஒரு வரியை எடுத்து, தாளத்தை விட்டு, அகாரத்தில் (‘ஆ’ என்று) மெதுவாக இழுத்துப் பாடுங்கள். கமகம் (ஸ்வரத்தை அசைத்துப் பாடுவது) மட்டும் அப்படியே இருக்கட்டும். வேகப் பிருகாவுக்கு (ஸ்வரங்களைச் சரசரவென்று உருட்டிப் பாடுவதற்கு) இப்போது அவசரமே இல்லை.