தரையில் விரித்துப் படுதா எழுதும் பிரெஞ்சு முறை

பிரெஞ்சு நாடகப் பட்டறைகளில், மேடைக்கான ஓவியத் திரையான படுதாவைத் தொங்கவிட்டு எழுதுவதில்லை. தரையில் விரித்து, அதன்மேல் நின்று, நீளக் காம்பு தூரிகையால் எழுதுவார்கள். தண்ணியான பசை வண்ணம் வழியாது என்பது முதல் வசதி. தெருச் செருப்போடு மட்டும் துணியில் ஏறக்கூடாது.

மாதிரி ஓவியத்தில் 3 செ.மீ. என்றால் மேடையில் 1 மீட்டர்; அங்கே வழிவழியாக வரும் அளவு இதுதான். மாதிரியில் 3 செ.மீ. கட்டம் போட்டு, துணியில் 1 மீட்டருக்கு ஒரு கோடாக நூலடியுங்கள் (கரி தேய்த்த நூலை இழுத்துப் பிடித்துச் சுண்டினால் கோடு பதியும்). அதற்குமுன் துணியின் ஓரங்களை நெருக்கமாக ஆணியடித்து இறுக்க வேண்டும். பூச்சு காயும்போது துணி சுருங்கும். ஆணி தள்ளித்தள்ளி இருந்தால் ஓரம் அலையலையாக உள்ளே இழுத்துக்கொள்ளும், கட்டமும் கோணிவிடும்.

முழு வேலையும் பசையில்தான் நிற்கிறது. லிட்டர் தண்ணீருக்கு 70 கிராம் முயல்தோல் பசையை இரவு ஊறவையுங்கள். காலையில் வெந்நீர்ச் சட்டிக்குள் இன்னொரு சட்டி வைத்துக் கரையுங்கள். கொதிக்கவிட்டால் ஒட்டும் வலு போய்விடும். இதில் சாக் பவுடர் கலந்து வெதுவெதுப்பாக அடிப்பூச்சு கொடுக்கலாம். வண்ணத்துக்கு இதே பசையில் சம அளவு வெந்நீர் சேர்த்தால் போதும். வண்ணப்பொடியை முதலில் வெறும் தண்ணீரில் குழைத்துக்கொள்ளுங்கள். நேரே பசையில் கொட்டினால் கட்டி தட்டும்.

ஈரத்தில் கருத்துத் தெரியும் நிறம் காய்ந்ததும் நன்றாக வெளுக்கும். அதனால் அதே துணியின் துண்டில் தடவி, உலர்த்திப் பார்க்காமல் கை வைக்காதீர்கள். உலர்ந்த துண்டைத் தேய்த்தால் விரலில் பொடி ஒட்டுகிறதா? பசை போதவில்லை. மடித்தால் வெடிக்கிறதா? பசை அதிகம்.

கரித்துண்டைக் குச்சியில் கட்டி, நின்றபடியே வரையலாம். நிலைக்கவேண்டிய கோடுகளை மையால் இழுத்து, கரித்தூளைத் துணிக்கற்றையால் தட்டிவிடுங்கள். பிறகு வண்ணம், ஒரே வீச்சில் போகவேண்டும். திரும்பத் திரும்பத் தேய்த்தால் கீழ்ப்பூச்சு கரைந்து சேறாகும். அடிக்கடி ஏணியேறிப் பாருங்கள். காலடியில் அழுக்குத் திட்டாகத் தெரிவதுதான் மேலிருந்து பார்த்தால் தூணின் நிழல்.

மேடை வெளிச்சத்தையும் மறக்கக்கூடாது. பாரிஸ் ஓபரா என்ற இசைநாடக அரங்குக்கு வாயு விளக்கு வந்தது 1822-இல், ‘அலாதீன்’ இசைநாடகத்தோடு. அதற்குப் படுதா எழுதியவர்கள் சிசேரியும் டகேரும். மஞ்சள் வெளிச்சத்தில் நீலம் சாம்பல் தட்டும். வானத்தை, மேடையில் எரியப்போகும் விளக்கிலேயே சோதியுங்கள்.

காய்ந்த படுதாவைச் சுருட்டி வையுங்கள், மடிக்காதீர்கள். ஈரம் பட்டால் கறை விழும். பிறகு எடுக்க முடியாது.