லாரியை மடக்கியபோது நாங்கள் செய்தது

சேலம் அருகே எங்கள் நூல் லோடை ஜிஎஸ்டி அதிகாரிகள் நிறுத்தினார்கள். இன்வாய்ஸ், இ-வே பில் (சரக்கோடு போக வேண்டிய மின்னணுச் சீட்டு) இரண்டும் டிரைவர் கையில் இருந்தன. இ-வே பில்லில் லாரி எண்ணின் கடைசி இலக்கம் மட்டும் 3-க்குப் பதில் 8. அதற்கே, வழியில் சரக்கைப் பிடித்து வைக்க அனுமதிக்கும் ஜிஎஸ்டி சட்டப் பிரிவு 129-இன்கீழ் வரியைப்போல் இரு மடங்கு அபராதம் கட்டச் சொன்னார்கள்.

பலரும் "கட்டிட்டு வண்டியை எடுங்க" என்றார்கள். நான் மறுத்தேன். பணம் கட்டினால் அந்த வழக்கு அங்கேயே முடிந்ததாகச் சட்டம் கொள்ளும். பிறகு போராடுவது கடினம்.

முதலில் டிரைவரிடம் எழுதி வாங்கிய வாக்குமூலப் படிவமான எம்.ஓ.வி.-01, பிடித்து வைத்த உத்தரவான எம்.ஓ.வி.-06 இரண்டின் நகலையும் வாங்கினேன். அபராதம் கேட்கும் எம்.ஓ.வி.-07 நோட்டீஸுக்கு எழுத்திலேயே பதில் கொடுத்து, துறையின் 14.9.2018 தேதியிட்ட 64-ஆம் எண் சுற்றறிக்கையை இணைத்தேன். வாகன எண்ணில் ஓரிரு இலக்கம் பிசகினால் பிரிவு 129 நடவடிக்கை கூடாது, மத்திய, மாநில வரிக்குத் தலா 500 ரூபாய் அபராதம் போதும் என்று அதில் தெளிவாக இருக்கிறது. அதிகாரி ஏற்கவில்லை.

உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு போட்டோம். மேல்முறையீட்டு வழி இருக்கும்போது ரிட் எதற்கு என்றுதான் அரசுத் தரப்பு வாதிட்டது. துறையே போட்ட சுற்றறிக்கையைத் துறை மீறலாமா என்ற ஒரே கேள்வியை எங்கள் வக்கீல் விடவில்லை. உத்தரவு ரத்தானது, 1,000 ரூபாயோடு சரக்கு வந்தது.

இ-வே பில் காலாவதியான ஒரு தெலங்கானா வழக்கில், 2022-இல் உச்ச நீதிமன்றம் வணிகருக்கான வழக்குச் செலவுத்தொகையை 69,000 ரூபாயாக உயர்த்தியது. வரி ஏய்க்கும் நோக்கமே இல்லாதவரை அலைக்கழித்ததற்கு அது. வக்கீலிடம் இதையும் சொல்லுங்கள்.